பாட்டை வெளியிடும் முன் ஒரே ஒரு ஸ்பீக்கரில் கேளுங்கள்

தமிழ்த் திரைப்பட இசையமைப்பாளர்களுக்கும், ஒலிப்பதிவு, மிக்ஸிங், மாஸ்டரிங் பொறியாளர்களுக்கும், ஆடியோ நிறுவனங்களுக்கும், தர்மபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களில் மைக் செட் தொழில் செய்பவர்களும் லைட் மியூசிக் குழுவினரும் பம்பை, சிலம்பு, தப்பு கலைஞர்களும் சேர்ந்து எழுதும் திறந்த மடல்.

வணக்கம்.

இரட்டை மேளமான பம்பை இப்போது சினிமாப் பாட்டில் நிறையவே கேட்கிறது. குலசாமிக் கதை, திருவிழாச் சண்டை, சாமியாடும் காட்சி என்று வந்தால் பம்பைக்காரர்களைச் சென்னைக்குக் கூப்பிட்டுப் பதிவு செய்கிறீர்கள். அதில் எங்களுக்கு மனப்பூர்வமான மகிழ்ச்சி. ஆனால் அந்தப் பாட்டு ஆல்பமாக வெளிவந்து, பென் டிரைவில் ஏறி, பென்னாகரம் பக்கமோ போச்சம்பள்ளி பக்கமோ ஒரு மாரியம்மன் திருவிழாவில் ஒலிக்கும்போது பம்பையை மட்டும் காணோம். குரல் இருக்கிறது, கிக் டிரம் இருக்கிறது, கைதட்டல் இருக்கிறது. பம்பை எங்கோ பக்கத்து ஊரில் அடிப்பது மாதிரி மங்கிப் போகிறது, இல்லையென்றால் சுத்தமாக இல்லை.

செட் சரியில்லை என்று இதை ஒதுக்கிவிட முடியாது. அதே செட்டில் 1980-களின் பாட்டு ஒன்றைப் போட்டால் தவிலின் இரு முகங்களான வலந்தலையும் தொப்பியும் தனித்தனியாகக் கேட்கின்றன. கோளாறு, பதிவான ஒலிகளைக் கலக்கும் மிக்ஸிங்கிலும், கலந்த பாட்டை வெளியீட்டுக்குத் தயார் செய்யும் மாஸ்டரிங்கிலும் இருக்கிறது. ஸ்டுடியோவில் அரை நாள் கூடுதலாகச் செலவழித்தால் சரியாகிவிடும் கோளாறுதான் என்பதால்தான் இவ்வளவு விவரமாக எழுதுகிறோம்.

முதலில் இங்கே உள்ள நிலவரம். மைக் செட் ஆம்ப்ளிஃபயர் மோனோ. இடது, வலது என்று இரண்டு பக்கம் அதற்குக் கிடையாது. போனிலிருந்தோ பிளேயரிலிருந்தோ வரும் இரண்டு பக்கத்தையும் சேர்த்து ஒன்றாக்கித்தான் உள்ளே விடுகிறோம். சேர்க்கும்போது என்ன நடக்கிறது என்று உங்களுக்குத் தெரியும். ஆனால் கடைசி மிக்ஸை முடிக்கும்போது அதை யாரும் கேட்டுப் பார்ப்பதில்லை என்றுதான் தோன்றுகிறது. நடுவில் வைத்த குரலும் கிக்கும் இரண்டு பக்கத்திலும் ஒரே அலையாக இருப்பதால் கூட்டினால் 6 டெசிபல் ஏறும். பம்பையை இரண்டு முறை அடிக்கவைத்து ஒன்றை இடது ஓரத்திலும் இன்னொன்றை வலது ஓரத்திலும் வைத்திருந்தால் அது 3 டெசிபல்தான் ஏறும். ஆக, நீங்கள் ஒன்றுமே செய்யாமல் பம்பை குரலைவிட 3 டெசிபல் கீழே போய்விடுகிறது.

அது பரவாயில்லை. உண்மையான சேதம், ஒலி இரண்டு பக்கமும் பரவிக் கேட்கும்படி அகலப்படுத்தும் வேலையில் நடக்கிறது. ஒரே பதிவை எடுத்து ஒரு பக்கத்தை 10 மில்லி செகண்ட் தாமதப்படுத்தினால் ஹெட்போனில் பம்பை அறை முழுக்கப் பரவியதுபோல் கேட்கும். அதை மோனோவில் கூட்டினால் 50, 150, 250, 350 ஹெர்ட்ஸ் என்று 100 ஹெர்ட்ஸுக்கு ஒரு பள்ளம் விழும். பம்பையின் உடம்பே அந்த வட்டாரத்தில்தான் இருக்கிறது. மிச்சம் இருப்பது தகர டப்பா சத்தம். ஒரு பக்கத்தின் அலையைத் தலைகீழாக்கி அகலம் காட்டும் பிளகின்கள் இதைவிட மோசம்: கூட்டினால் இரண்டும் ஒன்றையொன்று அழித்துவிட்டு, பம்பை இருந்த இடமே தெரியாது.

எங்கள் பக்கத் தவறும் ஒன்று உண்டு, அதையும் சொல்லிவிட வேண்டும். ஒற்றை ஒயர் ஜாக் போட்டு இடது பக்கத்தை மட்டும் எடுக்கும் செட் இன்னும் பல ஊரில் இருக்கிறது. வலது ஓரத்தில் வைத்த வாத்தியம் அங்கே அறவே கேட்காது. இரண்டு பக்கத்தையும் ஆளுக்கொரு 1 கிலோ ஓம் ரெசிஸ்டர் வழியாகக் கொண்டுவந்து சேர்த்தால் போதும். நேராக முறுக்கிச் சேர்த்தால் போனின் அவுட்புட் இரண்டும் ஒன்றோடொன்று மோதி ஒலி சிதறும். இதை நாங்கள் தொழிலில் உள்ளவர்களுக்குச் சொல்லிக்கொண்டுதான் இருக்கிறோம். சில ரூபாய்ச் செலவு. நீங்கள் உங்கள் பக்கம் சரிசெய்தால் நாங்கள் எங்கள் பக்கம் சரிசெய்கிறோம்.

அடுத்தது ஸ்பீக்கர். கூம்புக் குழாய்க்குப் பல இடங்களில் இப்போது அனுமதி கிடைப்பதில்லை; நீளத் தூண் ஸ்பீக்கரும் பாக்ஸும் அந்த இடத்துக்கு வந்துவிட்டன. ஆனாலும் மேடை அறிவிப்புக்கும் தெரு முனைக்கும் போவது நடு ஒலியை மட்டும் நன்றாகத் தரும் சின்ன ஸ்பீக்கர்தான். குழாயில் 300 ஹெர்ட்ஸுக்குக் கீழே உருப்படியாக ஒன்றும் வராது. உங்கள் பாட்டின் பேஸ் முழுவதும் 40, 50 ஹெர்ட்ஸில் சைன் அலையாக உட்கார்ந்திருந்தால் அது இங்கே கேட்காது என்பதோடு முடியவில்லை. கேட்காத அந்த ஒலிக்கு ஆம்ப்ளிஃபயர் சக்தியைக் கொட்டுகிறது. குழாயில் ஒலி எழுப்பும் யூனிட்டின் டயாபிரம் (அதிரும் சவ்வு) தன் அளவுக்கு மீறி முன்னும் பின்னும் ஆடிக் கிழிகிறது. அதனால்தான் செட்காரர்கள் பேஸ் குமிழை முழுக்கக் குறைத்து வைத்துவிடுகிறார்கள். அப்போது பம்பையின் கீழ்ப்பகுதி ஒலியும் சேர்ந்து போய்விடுகிறது.

பழைய பாட்டுகளில் பேஸ் கிட்டார் குழாயிலும் கேட்கிறதே, எப்படி? விரல் கம்பியைச் சுண்டும் ஒலி 700, 1,000 ஹெர்ட்ஸ் பக்கம் இருக்கிறது. அடிநாதம் வராவிட்டாலும் அதன் மேல் மடங்குகள் வந்தால் காது அடிநாதத்தைத் தானே நிரப்பிக்கொள்ளும். சிந்தசைசர் பேஸுக்கும் அதே வழிதான்: கொஞ்சம் சாச்சுரேஷன், அதாவது மேல் மடங்குகளைச் சேர்க்கும் லேசான சிதைவு, கொடுங்கள். 80 ஹெர்ட்ஸ் ஸ்வரத்துக்கு 160, 240, 320, 400 என்று மடங்குகள் கிடைத்துவிட்டால் சின்ன ஸ்பீக்கரிலும் மெட்டின் அடித்தளம் நிற்கும். 120 ஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ள எல்லாவற்றையும் நடுவில் மோனோவாக வைத்துவிடுங்கள். பெரிய பாக்ஸ் செட்டுக்கும் இதுதான் நல்லது. இரண்டு பக்கமும் வேறு வேறு பேஸ் இருந்தால் கூட்டும்போது ஒரு அடி கனமாகவும் அடுத்த அடி பொக்கையாகவும் விழும். ஆடுகிற ஆளுக்குக் கால் தடுமாறும்.

சத்த அளவைப் பற்றி. ஸ்பாட்டிஃபையும் யூடியூபும் சத்தமான பாட்டை சுமார் -14 எல்.யு.எஃப்.எஸ். (சராசரி சத்தத்தை அளக்கும் அலகு) அளவுக்குக் குறைத்துவிடுகின்றன. ஆகவே -6, -7 என்று நசுக்கி மாஸ்டர் செய்வதால் அங்கே உங்களுக்கு லாபம் இல்லை. பென் டிரைவில் யாரும் குறைப்பதில்லை, அதனால் நஷ்டம் முழுவதும் எங்களுக்கு. கணக்கு எளிது. ஒரு பாட்டின் உச்சத்துக்கும் சராசரிக்கும் 12 டெசிபல் இடைவெளி இருந்தால், உச்சத்தில் 60 வாட் போகும்போது சராசரி 4 வாட்டுக்குக் கீழேதான். உச்சத்தை வெட்டும் லிமிட்டரைப் போட்டு அந்த இடைவெளியை 6 டெசிபலாகக் குறைத்தால் சராசரி 15 வாட். ஸ்பீக்கரின் வாய்ஸ் காயிலில் நாலு மடங்கு சூடு, அதுவும் நாள் முழுக்க இடைவிடாமல். யூனிட் எரிவது ஒரு பக்கம் இருக்கட்டும். பம்பையின் உயிரே குச்சி தோலில் படும் அந்த முதல் சில மில்லி செகண்டில்தான் இருக்கிறது, லிமிட்டர் முதலில் வெட்டுவதும் அதைத்தான். உச்சத்தில் 1 டெசிபல் இடமும் விட்டுவைக்க வேண்டும். இங்கே வந்து சேரும் கோப்பு பெரும்பாலும் 128 கே.பி.பி.எஸ். எம்பி3. 0 வரை நிரப்பிய மாஸ்டரை அப்படி மாற்றும்போது ஒவ்வொரு அடியிலும் ஒரு விரிசல் சத்தம் சேர்கிறது.

இரவு 10 மணியிலிருந்து காலை 6 மணி வரை திறந்தவெளியில் ஒலிபெருக்கி கூடாது என்று 2000-ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகள் சொல்கின்றன. பகலிலும் அளவு உண்டு. குடியிருப்புப் பகுதியில் சத்தத்தைக் குறைத்து வைக்கும்போது மனிதக் காது முதலில் இழப்பது பேஸைத்தான். ஆகவே குறைந்த சத்தத்தில் நிற்கிற பாட்டு நடு ஒலியில் உடம்பு உள்ள பாட்டு. மிக்ஸ் முடிந்ததும் சத்தத்தைப் பேச்சுக் குரல் அளவுக்கு இறக்கி, ஒற்றை நாலங்குல ஸ்பீக்கரில், மோனோவில் கேளுங்கள். பல்லவியின் சொல் புரிகிறதா, பம்பையின் சொல் (அடியின் ஒலி) புரிகிறதா என்று இரண்டை மட்டும் பாருங்கள். புரியவில்லையென்றால் பம்பையை ஏற்றாதீர்கள். 2,000 முதல் 4,000 ஹெர்ட்ஸ் வரை படர்ந்திருக்கும் சிந்த் பேட் எனும் நீளமான பின்னணி ஒலியையும் கைதட்டல் சாம்பிளையும் 2, 3 டெசிபல் இறக்குங்கள். சிலம்புக்கும் ஹை-ஹேட்டுக்கும் இதே சண்டை இன்னும் மேலே நடக்கும். இரண்டில் ஒன்றை வைத்துக்கொள்ளுங்கள், சிலம்பு என்று முடிவு செய்தால் ஹை-ஹேட்டை எடுத்துவிடுங்கள்.

வேகத்தைப் பற்றி ஒன்று. தெருவில் இரண்டு ஸ்பீக்கருக்கு நடுவே 100 மீட்டர் இருந்தால், ஒன்றின் பக்கத்தில் நிற்பவருக்கு மற்றொன்றின் ஒலி 0.3 வினாடி பிந்தி வரும். 140 பி.பி.எம். (நிமிடத்துக்கு 140 தாள அடி) பாட்டில் ஒரு தாள அடியின் கால் பங்கு 107 மில்லி செகண்ட். 36 மீட்டர் தள்ளி உள்ள ஸ்பீக்கரே அதைக் குழப்பிவிடும். கிருஷ்ணகிரி மலைக்கோட்டைப் பாறை மாதிரி ஒரு மொட்டைப் பாறை 170 மீட்டரில் இருந்தால் ஒரு வினாடி கழித்து எதிரொலி வேறு வரும். வேகப் பாட்டு வேண்டாம் என்று சொல்லவில்லை. குரலின் மேல் நீளமான ரிவெர்ப் வாலைப் போடாதீர்கள், அதைத் தெரு போட்டுக்கொள்ளும். வரிக்கு வரி மூச்சு விட இடம் இருக்கும் பாட்டுத்தான் இந்த ஊரில் வருடக்கணக்கில் நிற்கிறது. மூச்சே விடாமல் ஓடும் ராப் பகுதி ஹெட்போனில் எவ்வளவு நன்றாக இருந்தாலும் இங்கே இரைச்சலாகத்தான் போய்ச்சேரும்.

இனி பதிவைப் பற்றி. மிக்ஸிங்கில் காப்பாற்ற வேண்டுமென்றால் முதலில் பதிவில் அது இருக்க வேண்டும்.

பம்பை என்பது ஒன்றன்மேல் ஒன்றாகக் கட்டிய இரண்டு உருளை மேளம். கீழே இருப்பது மரம், வீருவணம் என்பார்கள். மேலே இருப்பது பித்தளை, வெண்கலப் பம்பை. இரண்டின் குரலும் வேறு. ஒரே மைக்கை நடுவில் நீட்டிப் பதிவு செய்தால் பித்தளையின் குரல் ஓங்கி மரத்தின் குரல் அமுங்கிவிடும். நடைமுறையில் சரிவருவது இது: மரத்துப் பக்கம் ஒரு டைனமிக் மைக், தோலிலிருந்து ஒரு சாண் தூரத்தில், குச்சியின் வீச்சில் படாத கோணத்தில், முன்னால் ஒரு மீட்டரில் நெஞ்சு உயரத்தில் ஒரு கண்டென்சர். இந்த இரண்டுக்கும் நடுவே 2, 3 மில்லி செகண்ட் வித்தியாசம் வரும். ஒரு மைக்கின் பொலாரிட்டியை (அலையின் மேல், கீழ் திசையை) திருப்பிப் பார்த்து எது கனமாகக் கேட்கிறதோ அதை வையுங்கள், அதுவும் மோனோவில் கேட்டு. அறையின் ஒலியைப் பிடிக்கும் மைக் வைத்தால் அது தனி டிராக்கில் இருக்கட்டும். அதை மட்டும் நம்பாதீர்கள். பம்பை அடியின் சத்தம், ஒலி அளவு காட்டும் மீட்டரைவிட வேகமாக ஏறும். ஒத்திகையில் மெதுவாக அடித்ததை வைத்து அளவு வைத்தால் வேகம் பிடித்ததும் ப்ரீஆம்ப் வெடிக்கும். ஒலியைக் குறைக்கும் பேட் சுவிட்சைப் போட்டு, உச்சம் -12 டெசிபலில் நிற்கும்படி வையுங்கள்.

தோல் விஷயம் ஸ்டுடியோக்களில் பெரும்பாலும் மறந்துபோகிறது. வெளியில் உள்ள காற்றின் ஈரமும் ஏசி அறையின் ஈரமும் வேறு. உள்ளே வந்த மேளத்தின் தோல் அந்த அறைக்குப் பழகும் வரை சுருதி நகர்ந்துகொண்டே இருக்கும். முதல் டேக்கையும் எட்டாவது டேக்கையும் ஒட்டினால் ஒட்டு தெரியும். மேளத்தை ஒரு மணி நேரம் முன்னாலேயே அறைக்குள் வைத்து, அதன்பிறகு ஏசியின் அளவை மாற்றாமல் இருந்தால் இது பாதி தீரும். தப்புக்குத் தீ காட்ட வேண்டும். ஸ்டுடியோவுக்குள் தீ மூட்ட முடியாது. வராந்தாவில் ஒரு சட்டியில் நெருப்புக்கு அனுமதி வாங்கி வையுங்கள், அது முடியாதென்றால் ஒரு ஹாலஜன் விளக்கு. இரண்டு டேக்குக்கு ஒருமுறை காய்ச்சாமல் தப்பிலிருந்து அந்தக் கணீர் வராது. சாம்பிள் ஏற்றிச் சரிசெய்துகொள்ளலாம் என்று விட்டால், கடைசியில் பாட்டில் கேட்பது எந்த ஊரிலும் இல்லாத ஒரு தப்பு.

கிளிக் டிராக், அதாவது வேகத்தைக் காதில் தட்டிக் காட்டும் ஒலி. இங்கேதான் நிறையப் பதிவுகள் செத்துப்போகின்றன. பம்பை அடி சாமியை அழைக்கும் அடி. மெதுவாக எடுத்து, நிதானமாக ஏற்றி, அருள் வரும் நேரத்தில் முடுக்கித் தள்ளும் அடி. காதில் 120 என்று ஒரு கிளிக்கை மாட்டி, தனி பூத்தில் உட்காரவைத்து, 'நாலு பார் மட்டும் அடிங்க, மீதியை லூப் பண்ணிக்கிறோம்' என்றால் எந்தக் கலைஞராலும் அதைத் தர முடியாது. வழி இருக்கிறது. பம்பை இரண்டு, சிலம்பு ஒன்று, உடுக்கை ஒன்று என ஆட்களை ஒரே அறையில் நிறுத்தி, ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கும்படி வைத்து, கிளிக் இல்லாமல் மூன்று நிமிடம் முழுதாகப் பதிவு செய்யுங்கள். பிறகு அந்த ஓட்டத்தைப் பார்த்து வேகம் எங்கெங்கே மாறுகிறது என்று டெம்போ மேப் போட்டு, புரோகிராமிங்கை அதன் மேல் கட்டுங்கள். மென்பொருளில் ஒரு மணி நேர வேலை. மேளத்தைக் கணினிக்கு வளைப்பதற்குப் பதில் கணினியை மேளத்துக்கு வளைப்பது சுலபம். பாட்டு 104-ல் தொடங்கி 126-ல் முடிந்தாலும் கேட்பவர் யாரும் குறை சொல்லப்போவதில்லை.

எந்த வாத்தியம் என்பதிலும் கொஞ்சம் கவனம் வேண்டும். கதை அரூரிலோ தேன்கனிக்கோட்டையிலோ நடப்பதாகச் சொல்லிவிட்டு, கிராமம் என்றாலே உருமி என்று வைத்துவிடுகிறீர்கள். உருமி அருமையான வாத்தியம், அதற்கு அதன் ஊர் இருக்கிறது. மாசியில் காவேரிப்பட்டணத்து மயானக் கொள்ளையைக் கேட்டவர்களுக்கு இந்தப் பகுதியின் ஒலி எது என்று தெரியும். படத்துக்கு லொகேஷன் பார்க்க வரும்போது இசையமைப்பாளரின் உதவியாளர் ஒருவரையும் ரெக்கார்டரோடு கூட்டிவாருங்கள்.

பெயர் போடுவது பற்றி அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது. இதை மரியாதை விஷயமாக மட்டும் பார்க்காதீர்கள். 2012-ல் திருத்தப்பட்ட பதிப்புரிமைச் சட்டம் வாத்தியம் வாசிப்பவரையும் நிகழ்த்துநர் என்று ஏற்கிறது. வணிகப் பயன்பாட்டில் அவருக்கு ராயல்டி உண்டு என்று 38-ஏ பிரிவும், தன் பெயரால் அடையாளம் காட்டப்படும் உரிமை உண்டு என்று 38-பி பிரிவும் சொல்கின்றன. ஆனால் நிகழ்த்துநர் யார் என்ற வரையறையிலேயே ஒரு விலக்கு இருக்கிறது: ஒரு படத்தில் ஒருவரின் பங்கு தற்செயலானதாகவோ சிறு அளவிலோ இருந்து, தொழில் வழக்கப்படி டைட்டில் உள்பட எங்கும் அவர் பெயர் குறிப்பிடப்படாவிட்டால், பெரும்பாலான உரிமைகளுக்கு அவர் நிகழ்த்துநராகவே கருதப்பட மாட்டார். அதாவது நீங்கள் பெயரை விட்டால், அந்தக் கலைஞரின் பங்கைச் சிறு பங்கு என்று தள்ளிவிட யாருக்கும் வழி திறந்துவிடுகிறது. 'நாட்டுப்புறக் கலைஞர்கள்' என்று ஒரே வரியில் போட்டாலும் அதே கதைதான். ஆகவே படத்தின் டைட்டிலிலும், யூடியூப் விவரக் குறிப்பிலும், ஸ்ட்ரீமிங் தளத்துக்கு அனுப்பும் மெட்டாடேட்டாவிலும் பெயர், வாத்தியம், ஊர் மூன்றையும் போடுங்கள். கோப்பு அனுப்பும் படிவத்தில் அதற்கு இடம் இருக்கிறது. பாடலாசிரியர் பெயரையே விட்டுவிடும் ஆல்பங்களும் வருகின்றன என்பதையும் சேர்த்துச் சொல்கிறோம்.

பதிவன்று கையெழுத்து வாங்கும் தாளைத் தமிழில் கொடுங்கள். எந்தப் படம், எந்தப் பாட்டு, எத்தனை பாட்டு என்று அதில் இருக்க வேண்டும். ஒரு பாட்டுக்கு என்று அடித்த பம்பை, லூப்பாக வெட்டப்பட்டு வேறு படத்தின் பாட்டிலும் பின்னணி இசையிலும் வருவதைக் கலைஞர்கள் காதால் கண்டுபிடித்துவிடுவார்கள். அவரவர் அடி அவரவருக்குத் தெரியும். மறுபயன்பாட்டுக்குத் தனித் தொகை என்று ஒரு வரி எழுதிவிட்டால் பிரச்சினை இல்லை.

ஆடியோ நிறுவனங்களுக்குத் தனியாக ஒரு வேண்டுகோள். பாட்டு வெளியாகும் அன்றே குரல் இல்லாத மைனஸ் டிராக்கையும் வெளியிடுங்கள், ஸ்கேலையும் பி.பி.எம்.-ஐயும் தலைப்பிலேயே போட்டு. அது கிடைக்காததால் மேடைக் குழுக்கள் செயலியை வைத்துக் குரலைப் பிரித்தெடுக்கின்றன. பெண் குரலும் நாகஸ்வரமும் ஒரே வட்டாரத்தில் இருப்பதால் குரலோடு நாகஸ்வரமும் பாதி போய்விடுகிறது. சிலம்பு தண்ணீருக்குள் ஆட்டுவதுபோல் கேட்கிறது. கல்யாண மண்டபத்தில் உங்கள் பாட்டு முதன்முதலாக நேரில் ஒலிப்பது அந்தச் சிதைந்த டிராக்கின் மேல்தான்.

பம்பை, சிலம்பு, உடுக்கைப் பதிவுக்கு ஆள் தேவைப்பட்டால் மாசியிலும், பங்குனியிலிருந்து வைகாசி வரையிலும், ஆடியிலும் கேட்காதீர்கள். திருவிழாவும் பாரதக் கூத்தும் நடக்கும் காலம், முதல் தரமான ஆட்கள் கிடைக்க மாட்டார்கள். புரட்டாசியும் மார்கழியும் வசதி. இரண்டு வாரம் முன்னால் சொல்லுங்கள், மெட்டின் தத்தகாரத்தை வாட்ஸ்அப்பில் அனுப்பிவிடுங்கள், வேன் வாடகையையும் சாப்பாட்டையும் சம்பளத்தில் கழிக்காதீர்கள். மிக்ஸ் முடிந்ததும் மாஸ்டருக்குப் போகும் முன் கோப்பை எங்களுக்கு அனுப்பினால், இங்கே குழாய், தூண் ஸ்பீக்கர், பாக்ஸ் மூன்றிலும் போட்டுக் கேட்டு, எந்த இடத்தில் எது காணாமல் போகிறது என்று நிமிடம், வினாடியோடு எழுதி அனுப்புகிறோம். அதற்குக் கட்டணம் வேண்டாம்.

இப்படிக்கு,
தர்மபுரி, கிருஷ்ணகிரி மாவட்ட மைக் செட் தொழிலாளர்கள், லைட் மியூசிக் குழுவினர், பம்பை, சிலம்பு, தப்பு கலைஞர்கள்